ஜப்பானியத் தொன்மங்களில் கடலுக்குத் தெய்வம் யார்?

கரைமணல் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். ஜப்பானியத் தொன்மங்களைப் பற்றித் தமிழில் தேடினால் கிடைக்கும் பட்டியல்கள் பெரும்பாலும் ஒரே அச்சில் வார்த்தவையாக இருக்கின்றன. சூரியனுக்கு அமதெராசு, நிலவுக்குச் சுகுயோமி என்பதுவரை எல்லோரும் ஒத்துப்போகிறார்கள். கடல் என்று வந்ததும் ஆளுக்கொரு பெயர் சொல்கிறார்கள். ஒருவர் சுசானோ என்கிறார், இன்னொருவர் வத்தட்சுமி என்கிறார், மற்றொருவர் கடலடி அரண்மனையில் வாழும் டிராகன் அரசனான ரியூஜின் என்கிறார். மீனவர்கள் கும்பிடுவது எபிசுவை என்பதால் அவரே கடல் தெய்வம் என்று முடித்துவிடுவோரும் உண்டு.

இந்தக் குழப்பத்தைத் தீர்க்கலாம் என்று எண்ணி, 712-ஆம் ஆண்டில் ஓ நோ யசுமாரோ தொகுத்து அரசி கென்மெயிடம் அளித்த தொன்மநூலான கோஜிகியின் மொழிபெயர்ப்பை எடுத்துப் படித்தேன். படித்தபின் குழப்பம் கூடியதுதான் மிச்சம். மனைவி இசானமியைத் தேடி இறந்தோர் உலகத்துக்குச் சென்ற இசானகி, அங்கே அவளுடைய அழுகிய உடலைக் கண்டு அஞ்சி ஓடிவந்து, தீட்டைக் கழிக்க ஓர் ஆற்றுமுகத்தில் இறங்குகிறார். மேலே நீரோட்டம் விரைவாக இருக்கிறது, கீழே மெதுவாக இருக்கிறது என்று சொல்லி நடுவில் மூழ்குகிறார். பிறகு நீரின் அடியிலும், நடுவிலும், மேற்பரப்பிலும் உடலைக் கழுவும்போது ஒவ்வோர் அடுக்கிலும் இரண்டு தெய்வங்கள் பிறக்கின்றன: ஒருவர் வத்தட்சுமி, மற்றவர் சுட்சு-நோ-ஓ. ஆக, அடி நீருக்கும் இடை நீருக்கும் மேல் நீருக்குமாக மொத்தம் ஆறு பேர். அவர்களுக்குப் பிறகுதான் இடக்கண்ணிலிருந்து அமதெராசுவும், வலக்கண்ணிலிருந்து சுகுயோமியும், மூக்கிலிருந்து சுசானோவும் பிறக்கிறார்கள்.

என் ஐயம் இதுதான். ஏற்கெனவே ஆறு தெய்வங்கள் கடலில் பிறந்துவிட்டபின், கடற்பரப்பை ஆளும்படி இசானகி ஏன் சுசானோவுக்குக் கட்டளையிடுகிறார்? போதாததற்கு, இதற்கெல்லாம் முன்பே, இசானகிக்கும் இசானமிக்கும் பிறந்த பிள்ளைகளுள் ஓவத்தட்சுமி என்னும் பெருங்கடல் தெய்வமும் இருக்கிறார். இத்தனை பேர் எதற்கு? தெரிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாவேன்.

ஆழித்தேர் எழுதியது:

கரைமணல் ஐயா, நல்ல இடத்தில் கை வைத்திருக்கிறீர்கள். ஒன்பது ஆண்டுகள் ஃபுகுவோக்காவில் வேலை பார்த்தவன் என்ற முறையில் எனக்குப் புரிந்ததைச் சொல்கிறேன்.

நீங்கள் குறிப்பிட்ட பகுதிக்கு அடுத்த வரியையும் சேர்த்துப் படிக்க வேண்டும். மூன்று வத்தட்சுமிகளும் அசுமி குலத்தார் தம் முன்னோராக வழிபடும் தெய்வங்கள் என்று கோஜிகியே அங்கு சொல்லிவிடுகிறது. மற்ற மூவர் சுமினோயெ என்னும் இடத்தில் உறையும் பெருந்தெய்வங்கள் என்றும் சொல்கிறது. அதுவே இன்றைய ஒசாகாவின் சுமியோஷிக் கோயில். அதாவது கடலைப் பிரித்துக் கொடுத்த கணக்கு அங்கே இல்லை; எந்தக் கடலோடிக் குலம் எந்தத் தெய்வத்தை வணங்கியது என்ற கணக்கு இருக்கிறது. அரசவை தன் தொன்மத்தைத் தொகுத்தபோது, தனக்குக் கப்பலோட்டிய குலங்களின் தெய்வங்கள் ஒவ்வொன்றையும் கதைக்குள் ஓரிடத்தில் அமர்த்தியது. அதனால்தான் எண்ணிக்கை பெருகுகிறது.

அசுமியரின் தாய்க்கோயில் ஃபுகுவோக்கா விரிகுடாவின் வாயிலில் உள்ள ஷிகானோஷிமாவில் இருக்கிறது. ஹான் பேரரசு அளித்ததாகக் கருதப்படும் பொன் முத்திரை 1784-ஆம் ஆண்டில் ஓர் உழவருக்குக் கிடைத்ததும் அதே தீவில்தான். கொரியத் தீபகற்பத்துக்கும் சீனத்துக்கும் போகும் வழியில் முதல் துறையும் கடைசித் துறையும் அதுவே என்று வரைபடத்தைப் பார்த்தாலே விளங்கும்.

இதே கடல்வழியில் இன்னொரு குலத்தின் தெய்வங்களும் இருக்கிறார்கள். முனகதாவின் மூன்று தேவியரைச் சொல்கிறேன். மூவருக்கும் கோயில்கள் ஒரே கோட்டில் அமைந்திருக்கின்றன: ஒன்று கியூஷூ கரையில், ஒன்று கரையை அடுத்த ஓஷிமாவில், ஒன்று கரையிலிருந்து ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவில் நடுக்கடலில் நிற்கும் ஒக்கினோஷிமாவில். இந்த ஒக்கினோஷிமாவில் 4-ஆம் நூற்றாண்டிலிருந்து 9-ஆம் நூற்றாண்டின் இறுதிவரை கடல்பயணத்துக்காக வழிபாடுகள் நடந்திருக்கின்றன. 1954-இலிருந்து 1971 வரை நடந்த அகழாய்வுகளில் வெண்கல முகக்கண்ணாடிகள், கொரிய நாட்டுச் சில்லாவிலிருந்து வந்த பொன் மோதிரம், பாரசீகத்துச் சாசானியர் காலத்துக் கண்ணாடிக் கிண்ணத்தின் உடைந்த துண்டு என ஏறத்தாழ 80,000 பொருட்கள் கிடைத்தன. அவை எல்லாமே தேசியப் புதையலாக அறிவிக்கப்பட்டுள்ளன. முதலில் பெரும்பாறைகளின் உச்சியில் படைத்தார்கள். பிறகு பாறை நிழலில். கடைசியில் திறந்த வெளியில். ஐந்நூறு ஆண்டுகளில் வழிபாடு பாறையிலிருந்து தரைக்கு மெல்ல இறங்கிவந்த தடம் அப்படியே கிடக்கிறது.

அந்தத் தீவுக்கு நம்மைப் போன்றவர்கள் போக முடியாது. ஓஷிமாவின் வடகரையில் தொலைவிலிருந்து வணங்குவதற்கென்றே ஒரு சிறு கோயில் இருக்கிறது, அதுவரை போனேன். கதவு கடலைப் பார்த்திருக்கிறது. வானம் தெளிவாக இருந்தால் தீவு தெரியும் என்றார்கள். நான் போன அன்று மூடுபனி. நீருக்கும் வானத்துக்கும் நடுவே ஒரு கோடுகூடத் தெரியவில்லை. எனக்கு முன்னால் நின்ற முதியவர் ஒருவர், தீவு தெரிகிறதா என்று பார்க்கவேயில்லை. எந்தத் திசை என்று அவருக்குத் தெரிந்திருந்தது. இருமுறை குனிந்து, இருமுறை கைதட்டி, மீண்டும் ஒருமுறை குனிந்துவிட்டுப் போனார்.

பனைநிழல் எழுதியது:

ஆழித்தேர் அண்ணா, குலங்களின் கணக்கு புரிந்தது. ஆனால் சுசானோவுக்கு எந்தக் கடலோடிக் குலமும் இல்லையே? அவருக்கு ஏன் கடல் கொடுக்கப்பட்டது?

சுவடிப்பிரியன் எழுதியது:

பனைநிழல், கொடுக்கப்பட்டது உண்மை. அவர் ஏற்றுக்கொள்ளவில்லை என்பதுதான் கதையே. தாடி எட்டுப் பிடி நீளம் வளர்ந்து மார்பில் புரளும்வரை அவர் அழுதுகொண்டே இருந்தார். பச்சை மலைகள் வாடின, ஆறுகளும் கடல்களும் அந்த அழுகையில் வற்றின. ஏன் அழுகிறாய் என்று கேட்டதற்கு, அம்மா இருக்கும் நாட்டுக்குப் போக வேண்டும் என்றார். தந்தை சினந்து துரத்திவிட்டார். ஆகவே அவரைக் கடல் தெய்வம் என்று பட்டியலில் எழுதுவது, ஏற்காத பதவியை ஒருவருடைய பெயருக்குப் பின்னால் போடுவது போன்றது. 720-ஆம் ஆண்டில் முடிக்கப்பட்ட நிஹோன் ஷோகி ஒரே நிகழ்வுக்குப் பல மாற்று வடிவங்களை அடுத்தடுத்துக் கொடுக்கும் நூல். அதன் ஒரு வடிவத்தில் கடலின் எண்ணற்ற ஓதங்களை ஆளும் பொறுப்பு நிலவுத் தெய்வமான சுகுயோமிக்குத் தரப்படுகிறது. ஓதத்தையும் நிலவையும் சேர்த்துப் பார்த்த கண் அந்த வடிவத்துக்குப் பின்னால் இருக்கிறது என்று நினைக்கிறேன்.

ஆனாலும் சுசானோவுக்கும் கடலுக்கும் ஓர் உறவு மிஞ்சுகிறது. அவர் வானுலகுக்கு ஏறிச்சென்று தம் மனத்தில் களங்கம் இல்லை என்று சூளுரைக்கும்போது, அமதெராசு அவருடைய வாளை வாங்கி மூன்றாக ஒடித்து, வானத்துக் கிணற்று நீரில் அலசி, மென்று உமிழ்கிறார். அந்த மூச்சின் மூடுபனியிலிருந்து பிறந்தவர்கள்தாம் ஆழித்தேர் சொன்ன முனகதாவின் மூன்று தேவியர். கடலை வேண்டாம் என்றவரின் வாளிலிருந்து கடல்வழியைக் காப்பவர்கள் பிறந்தார்கள்.

கரைமணல் எழுதியது:

இருவருக்கும் நன்றி. இதை வைத்து ஒரு கருத்து தோன்றுகிறது, தவறென்றால் திருத்துங்கள். நாம் கடலுக்கு அரசன் யார் என்று தேடுகிறோம். அந்த மக்களோ அரசனைத் தேடவில்லை. அடிநீர், இடைநீர், மேல்நீர், துறை, நடுக்கடல் தீவு என்று ஆபத்து நேரக்கூடிய ஒவ்வோர் இடத்துக்கும் ஒரு காவல் வைத்திருக்கிறார்கள். கோஜிகியில் ஹயாஅகிட்சு என்ற ஆண்-பெண் இணை ஒன்று வருகிறது. ஆறு கடலில் கலக்கும் முகத்துவாரத்துக்கு மட்டுமே அவர்கள் தெய்வங்கள். ஆகவே ‘கடலை ஆளும் தெய்வம்’ என்ற கருத்தே அங்கு இல்லை எனலாமா?

சுவடிப்பிரியன் எழுதியது:

கரைமணல் ஐயா, முன்பாதியை ஏற்கிறேன். முடிவை ஏற்க முடியவில்லை. மலைவேட்டையில் வல்ல தம்பி ஹோரியும் மீன்பிடியில் வல்ல அண்ணன் ஹோதெரியும் வரும் கதையைச் சற்று நிதானமாகப் பார்ப்போம்.

ஒருநாள் தொழிலை மாற்றிப் பார்ப்போம் என்று தம்பி அண்ணனின் தூண்டிலை வாங்கிச் சென்று முள்ளைக் கடலில் தொலைத்துவிடுகிறார். தன் வாளை உடைத்து ஐந்நூறு முள், பிறகு ஆயிரம் முள் செய்து கொடுத்தும் அண்ணன் வாங்கவில்லை. பழைய முள்ளே வேண்டும் என்கிறார். கரையில் அழுதுகொண்டிருந்த ஹோரியை, ஓதத்தின் வழிகளை அறிந்த கிழவரான ஷியோட்சுச்சி, இடைவெளியின்றி இறுகப் பின்னிய மூங்கில் கூடைப்படகில் ஏற்றி அனுப்புகிறார். மீன்செதில் அடுக்கியதுபோல் கட்டப்பட்ட மாளிகையை அடையும் ஹோரி, கிணற்றருகே மரத்தில் ஏறிக் காத்திருக்கிறார். நீர் மொள்ள வந்த பணிப்பெண்ணிடம் குடிக்கத் தண்ணீர் கேட்டு, குடிக்காமல், கழுத்திலிருந்த மணியை வாயில் இட்டுக் கலத்தில் உமிழ்கிறார். மணி கலத்தோடு ஒட்டிக்கொள்கிறது. பணிப்பெண் அதை அப்படியே கொண்டுபோய்க் கடல் தெய்வத்தின் மகள் டொயோட்டமா ஹிமேயிடம் காட்டுகிறாள். மூன்று ஆண்டுகள் மனைவியோடு அங்கேயே வாழ்ந்தபின், ஓர் இரவு ஹோரி விடும் நீண்ட பெருமூச்சிலிருந்துதான் முள்ளின் கதை வெளிவருகிறது.

இப்போது நம் கேள்விக்கு வருகிறேன். மாமனாரான வத்தட்சுமி பெரியதும் சிறியதுமான மீன்கள் எல்லாவற்றையும் கூட்டி விசாரிக்கிறார். சங்கரா இனத்துச் செம்மீனின் தொண்டையில் முள் கிடைக்கிறது. அதைக் கையை முதுகுக்குப் பின்னால் வைத்து, சாபச் சொற்களைச் சொல்லி அண்ணனிடம் கொடுக்கச் சொல்கிறார். பிறகு சொல்லும் அறிவுரைதான் முக்கியம். அண்ணன் மேட்டில் வயல் போட்டால் நீ பள்ளத்தில் போடு, அவன் பள்ளத்தில் போட்டால் நீ மேட்டில் போடு. நீரை ஆள்பவன் நான் என்பதால் மூன்றே ஆண்டுகளில் அவன் வறியவன் ஆவான் என்கிறார். கவனியுங்கள், கடலடியில் இருப்பவர் நெல்வயலின் நீரைப் பற்றிப் பேசுகிறார்! ஓதத்தை ஏற்றும் மணி ஒன்றும் இறக்கும் மணி ஒன்றும் கொடுத்தனுப்புகிறார். ஆகவே ஆளும் தெய்வம் இல்லை என்று சொல்ல முடியாது. ஆனால் அவர் ஆள்வது கடல் என்ற பரப்பையா, நீர் என்ற பொருளையா என்று கேட்கலாம்.

அண்ணன் தோற்று, தம்பியின் அரண்மனைக் காவலர்களான ஹயாதோ மக்களின் முன்னோராகிறார். நிஹோன் ஷோகியின் ஒரு மாற்று வடிவம், அவர் நீரில் மூழ்கிய விதத்தை நடித்துக்காட்டுவதை உறுப்பு உறுப்பாக விவரிக்கிறது: நீர் பாதத்தை எட்டியபோது எப்படி நின்றார், முழங்காலை எட்டியபோது எப்படிக் காலைத் தூக்கினார், இடுப்பை எட்டியபோது எப்படி இடுப்பைத் தேய்த்தார், கழுத்தை எட்டியபோது எப்படிக் கையை உயர்த்தி அசைத்தார் என்று. தெற்குக் கியூஷூவின் ஹயாதோக்கள் தோற்ற மக்கள். தம் முன்னோர் மூழ்கித் திணறியதை வென்றவர் அவையில் ஆடிக்காட்டியிருக்கிறார்கள். இந்த வரிகளைத் தெய்வக்கதை என்று மட்டும் படித்துக் கடந்துபோக என்னால் முடிவதில்லை.

பிறகு டொயோட்டமா ஹிமே பிள்ளை பெறக் கரைக்கு வருகிறார். நீர்க்காக்கையின் இறகுகளால் குடிசைக்குக் கூரை வேய்ந்து முடிவதற்குள் வலி எடுத்துவிடுகிறது. பார்க்காதீர்கள் என்று சொல்லியும் கணவர் எட்டிப் பார்க்கிறார். உள்ளே எட்டு மார் நீளமுள்ள ‘வானி’ ஒன்று ஊர்ந்து புரள்கிறது. வெட்கமுற்ற அவர் குழந்தையை விட்டுவிட்டு, கடலுக்கும் நிலத்துக்கும் இடையிலிருந்த வழியை அடைத்துவிட்டுத் திரும்பிப் போகிறார். அந்தக் குழந்தையை வளர்க்கத் தங்கை தமாயோரி ஹிமேயை அனுப்புகிறார். பின்னாளில் அத்தங்கைக்கும் அந்தப் பிள்ளைக்கும் பிறந்தவரே முதல் பேரரசராகச் சொல்லப்படும் ஜிம்மு. சூரியனின் வழித்தோன்றல்கள் என்று சொல்லிக்கொள்ளும் அரச மரபுக்குத் தாயும் பாட்டியும் கடலிலிருந்து வந்தவர்கள்.

பனைநிழல் எழுதியது:

வானி என்றால் முதலை என்று அகராதியில் இருக்கிறது. ஜப்பானில் முதலை ஏது?

வெண்கொக்கு எழுதியது:

இந்தக் கேள்விக்கு என் தொழில் அனுபவத்திலிருந்து பதில் சொல்ல முடியும். நான் மீன்வளம் படித்தவன். ஹிரோஷிமா மாகாணத்தில் சில ஆண்டுகள் இருந்தேன். அந்த மாகாணத்தின் வடபகுதி கடலை விட்டு விலகிய மலைநாடு. அங்கே மியோஷி பகுதியில் திருவிழா நாட்களில் ‘வானி’ என்று சொல்லிப் பச்சையாகவே மெல்லிய துண்டுகளாக வெட்டி இஞ்சியோடு பரிமாறுவார்கள். அது சுறா. பனிப்பெட்டி இல்லாத காலத்தில் ஜப்பான் கடலோரத்திலிருந்து மலைக்கு வந்துசேரும்வரை மற்ற மீன்கள் தாங்காது. சுறாவின் தசையிலுள்ள யூரியா அம்மோனியாவாக மாறுவதால் அது எளிதில் கெடாது. அதனால் மலைமக்களுக்குப் பச்சையாக உண்ணக் கிடைத்த கடல்மீன் அது. அங்கு ஒரு பாட்டியிடம் வானி என்றால் முதலைதானே என்று கேட்டேன். இல்லை, இது மீன், கடலிலிருந்து வருவது என்று பொறுமையாக விளக்கினார்.

ஆகவே பழைய வானியும் சுறாவே என்பது என் உறுதியான எண்ணம். இனாபாவின் முயல் கதையில் தீவிலிருந்து கரைவரை வரிசையாகப் படுத்துப் பாலமாகும் வானிகளும் கடலில் வாழ்பவை.

சுவடிப்பிரியன் எழுதியது:

வெண்கொக்கு, மியோஷியின் செய்தி அருமையானது. ஆனால் உறுதி என்ற சொல்லைச் சற்றுத் தளர்த்த வேண்டுகிறேன். கோஜிகியின் வானி ஊர்கிறது, சுறா ஊராது. அதே பிரசவத்தை நிஹோன் ஷோகியின் முதன்மை வடிவம் சொல்லும்போது வானியை விட்டுவிட்டு, அவர் டிராகனாக மாறினார் என்கிறது. எட்டே ஆண்டு இடைவெளியில் முடிந்த இரண்டு நூல்கள், ஒரே அரசவை, இரண்டு உடல்கள். உள்நாட்டுக் கடலோடிகளின் சுறாவின்மேல் சீனத்து டிராகன் வந்து படியும் இடத்தை நாம் கண்ணால் பார்க்கிறோம். பிற்கால மக்கள் வத்தட்சுமியின் மாளிகையை ரியூகூ, அதாவது டிராகன் அரண்மனை என்று அழைத்ததற்கும், ரியூஜின் பட்டியல்களில் முதலிடம் பிடித்ததற்கும் அந்தப் படிவே காரணம்.

நீர்முள்ளி எழுதியது:

வணக்கம். பௌத்தக் கலை வரலாறு படிப்பவள் நான். படிந்த அடுக்குகள் பற்றிப் பேச்சு வந்ததால் எழுதுகிறேன்.

நம் சரஸ்வதி ஜப்பானில் பென்சாய்டென் ஆனது பலருக்குத் தெரிந்திருக்கும். சுவர்ணப்பிரபாச சூத்திரத்தின் வழியாகச் சீனத்தைக் கடந்து அங்கே சென்றாள். தொடக்கத்தில் எட்டுக் கைகளில் படைக்கலம் ஏந்தியவள், பின்னர் வீணையின் இடத்தில் பிவா என்னும் நரம்புக்கருவியை மடியில் வைத்தவள். ஆற்றின் பெயரைத் தாங்கிய தேவி என்பதை ஜப்பானியர் மறக்கவில்லை. அவளுக்குக் கோயில் எடுத்த இடங்களைப் பாருங்கள்: பிவா ஏரியின் நடுவே சிகுபு தீவு, கமாகுராவுக்கு அருகே கடலில் எனோஷிமா, உள்கடலில் இட்சுகுஷிமா. எல்லாமே தீவுகள். இட்சுகுஷிமாவில் அவள், முனகதாவின் தேவியருள் ஒருவரான இச்சிகிஷிமா ஹிமேயோடு ஒன்றாகக் கருதப்பட்டாள். 1868-இல் மெய்ஜி அரசு ஜப்பானின் மரபுச் சமயமான ஷிந்தோவையும் பௌத்தத்தையும் பிரிக்க ஆணையிட்டபின், இட்சுகுஷிமாவின் பென்சாய்டென் சிலை பக்கத்திலிருந்த தைகன்ஜி மடத்துக்கு மாற்றப்பட்டது. பல நூற்றாண்டுகள் ஒருத்தியாக இருந்தவள் ஓர் ஆணையில் இருவரானாள். இதை எழுதும்போதும் எனக்கு வருத்தமாகவே இருக்கிறது.

வானியைப் பற்றிப் பேசும் நீங்கள் கொம்பிராவை விட்டுவிடக் கூடாது. கங்கையின் முதலையைக் குறிக்கும் கும்பீரம் என்ற வடசொல்தான் கொம்பிரா. முதலையையே காணாத நாட்டில் அம்முதலை மாலுமிகளின் காவல் தெய்வமாயிற்று! ஷிகொக்குவில் கொத்தோஹிராவின் மலைமேல் கோயில்; பெருமண்டபத்துக்கு 785 படிகள். 1868-க்குப் பிறகு அங்குள்ள தெய்வத்தின் அதிகாரப்பூர்வப் பெயர் ஓமோனோனுஷி என்று மாறியது. மக்கள் இன்றும் அன்போடு கொம்பிரா-சான் என்றே அழைக்கிறார்கள். மலையேற இயலாத கடலோடிகள் காணிக்கையை ஒரு சிறு மரப்பீப்பாயில் வைத்துக் கடலில் மிதக்கவிடுவார்கள். அதைக் கண்டெடுப்பவர் யாராயினும் தம் செலவில் கோயிலில் கொண்டு சேர்ப்பார்; அப்படிச் சேர்ப்பவருக்கும் நற்பேறு உண்டு என்பது நம்பிக்கை. முன்பின் அறியாதவர் கைகளை நம்பிக் காணிக்கையைக் கடலில் விடும் இந்த வழக்கத்தைவிட அழகான வேண்டுதலை நான் அறிந்ததில்லை.

வருணனும் சுய்டென் என்ற பெயரில் அங்கே இருக்கிறார். ஆனால் சுய்டெனின் பெயர் தாங்கிய குருமே, டோக்கியோ கோயில்களில் வணங்கப்படுவோருள் ஒருவர், 1185-இல் தன்னோ-உரா கடற்போரில் பாட்டியின் கைகளில் மூழ்கி இறந்த சிறுவனான பேரரசர் அன்தொகு. கடல் கொண்ட அந்தப் பிள்ளையிடம்தான் இன்று கருவுற்ற பெண்கள் சுகப்பிரசவம் வேண்டி நிற்கிறார்கள்.

ஒரு குறையையும் சொல்லிவிடுகிறேன். ஆழித்தேர் ஐயா மேலே ‘நம்மைப் போன்றவர்கள்’ ஒக்கினோஷிமாவுக்குப் போக முடியாது என்று பொதுவாக எழுதியிருக்கிறார். ஆண்களுள் ஏறத்தாழ 200 பேர் ஆண்டுக்கு ஒருநாள், மே 27 அன்று, கடலில் ஆடையின்றி மூழ்கித் தூய்மை செய்தபின் அங்கே போய்வந்தார்கள். 2017-இல் உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவிக்கப்பட்டபின்தான், 2018-இலிருந்து, அந்த வாய்ப்பும் நிறுத்தப்பட்டது. பெண்களுக்கு அந்த ஒருநாள்கூட இருந்ததில்லை. தேவியின் தீவு பெண்களுக்கு மூடியிருப்பதைக் காரணம் கேட்காமல் கடந்துபோக எனக்கு மனம் இல்லை.

ஆழித்தேர் எழுதியது:

நீர்முள்ளி அம்மா, நீங்கள் சொல்வது நியாயம். நான் தனியாகக் குறிப்பிட்டிருக்க வேண்டும். விட்டது என் தவறு.

வெண்கொக்கு எழுதியது:

மீனவர்கள் பக்கம் இன்னும் யாரும் வரவில்லை. கோஜிகியின் ஹயாஅகிட்சுவை எந்த மீனவரும் என்னிடம் சொன்னதில்லை. எபிசுவைச் சொல்லாத மீனவர் இல்லை. நிஷினோமியாவின் பெருங்கோயிலில் எபிசுவை ஹிருகோவாகவே கருதுகிறார்கள். ஹிருகோ, இசானகிக்கும் இசானமிக்கும் முதலில் பிறந்து, எலும்பில்லாத அட்டையைப் போலிருந்ததால் நாணல் படகில் வைத்துக் கடலில் விடப்பட்ட பிள்ளை. பெற்றோர் கைவிட்ட குழந்தை கரையொதுங்கித் தெய்வமானது என்ற எண்ணம் இதன் அடியில் இருக்கிறது. கடலிலிருந்து ஒதுங்கி வருவது எல்லாமே மீனவருக்கு எபிசுதான்: மீன்கூட்டத்தைக் கரைப்பக்கம் விரட்டிவரும் திமிங்கிலமும் எபிசு, வலையில் சிக்கிய விந்தையான கல்லும் எபிசு. கடலில் மிதக்கும் பிணத்தையும் பல ஊர்களில் அப்படியே அழைத்தார்கள். படகில் ஏற்றுமுன் ஒருவர் பிணத்தைப் பார்த்து, ‘மீன் கொடுப்பீர்களா?’ என்று கேட்பார். இன்னொருவர் பிணத்தின் சார்பில், ‘கொடுப்பேன்’ என்பார். பிறகுதான் தூக்குவார்கள். யாரென்று தெரியாத ஒருவரின் உடலைக் கரைசேர்த்து அடக்கம் செய்யும் கடமையை இப்படித்தான் தொழிலோடு கட்டி வைத்திருந்தார்கள்.

படகுக்குள்ளும் ஒரு தெய்வம் உண்டு. பெயர் ஃபுனாதாமா, படகின் உயிர். பாய்மரத்தின் அடிக்கட்டையில் தச்சர் ஒரு குழி குடைந்து, ஆணும் பெண்ணுமாகக் காகிதப் பொம்மைகள், பெண்ணின் தலைமுடி, காசுகள், இரண்டு பகடைகள் வைத்து மூடிவிடுவார். ஒரு துறைமுக அருங்காட்சியகத்தில் இதைத் திறந்து காட்டியிருந்தார்கள். பகடையின் ஒன்று வானத்தைப் பார்க்க வேண்டும், ஆறு தரையைப் பார்க்க வேண்டும், மூன்று முன்னணியத்தை, நான்கு பின்னணியத்தைப் பார்க்க வேண்டும். நான்கைக் குறிக்கும் ‘ஷி’ என்ற ஒலியில் தொடங்குவதால் ‘ஷிஅவசே’, அதாவது நல்வாழ்வு, பின்னால் துணை வருகிறது என்று பொருள் கொள்வார்கள். குழி என் உள்ளங்கை அளவுகூட இல்லை.

கரைமணல் எழுதியது:

இவ்வளவு கிடைக்கும் என்று எதிர்பார்க்கவில்லை. சுவடிப்பிரியன் ஐயா எழுப்பிய கேள்வியையே இரண்டு நாட்களாக எண்ணிக்கொண்டிருந்தேன். கடல் தெய்வம் வயலுக்கு நீர் விடுகிறார் என்றால், கடலையும் ஆற்றையும் தனித்தனித் தலைப்பில் வைப்பதே பிழை என்று தோன்றுகிறது. நான் இழிவாகச் சொன்ன அந்த முகத்துவார இணையையே மீண்டும் பார்த்தேன். அவர்களுடைய பிள்ளைகளுள் இருவருக்கு மிகுமாரி என்று பெயர். நீரைப் பகிர்பவர் என்று பொருள். மலையில் நீர் பிரியுமிடத்துத் தெய்வங்கள் அவர்கள். அதாவது முகத்துவாரத்தில் இருப்பவர்களுக்கு மலையுச்சியில் பிள்ளைகள்! யோஷினோவின் மிகுமாரிக் கோயிலில், காலப்போக்கில் அந்தப் பெயரின் ஒலி மிகோமோரி, அதாவது பிள்ளையைக் காப்பது என்பதை ஒத்துவிட்டதால், மக்கள் பிள்ளைவரம் கேட்டுப் போகிறார்கள் என்றும் படித்தேன்.

சுவடிப்பிரியன் எழுதியது:

‘இழிவாக’ என்று நீங்கள் எதுவும் சொல்லவில்லை ஐயா. சரியான நூலைத்தான் பிடித்திருக்கிறீர்கள். அரசவையின் பெருந்தூய்மை வழிபாட்டு உரை ஆண்டுக்கு இருமுறை, ஆறாம் மாத முடிவிலும் பன்னிரண்டாம் மாத முடிவிலும் ஓதப்பட்டது. நாட்டின் குற்றங்கள் அனைத்தும் எப்படி நீங்குகின்றன என்று அது சொல்கிறது. மலையிலிருந்து விழும் விரைநீரில் இருக்கும் செஒரிட்சு ஹிமே அவற்றைக் கடலுக்குக் கொண்டுசேர்க்கிறாள். ஓதங்களின் பாதைகள் எல்லாம் கூடும் இடத்தில் ஹயாஅகிட்சு ஹிமே வாய் திறந்து விழுங்குகிறாள். மூச்சுத் தெய்வம் ஒருவர் அவற்றை அடியுலகுக்கு ஊதித் தள்ளுகிறார். அங்கே ஹயாசசுரா ஹிமே அவற்றைச் சுமந்து அலைந்து எங்கோ தொலைத்துவிடுகிறாள். நான்கு பேரும் கையிலிருந்து கைக்கு வாங்கிக் கொடுக்கிறார்கள். யாரும் முழுவழிக்கும் பொறுப்பில்லை. இசானகி தீட்டைக் கழுவியதும் ஓர் ஆற்றுமுகத்தில் என்பதை நினைவில் கொண்டால், இந்த உரை எந்தக் கதையின் நீட்சி என்று விளங்கும்.

நீர்முள்ளி எழுதியது:

கியோட்டோவின் வடமலையில் உள்ள கிஃபுனேயும் இதே வழியில் வருகிறது. அங்கிருப்பவர் மழைக்கும் நீரூற்றுக்கும் உரிய தகாஒகாமி. வறட்சியில் மழை வேண்டிக் கருங்குதிரையும், விடாத மழையில் வெயில் வேண்டி வெண்குதிரையும் அரசவை அங்கே அனுப்பியது. உயிருள்ள குதிரைக்குப் பதில் குதிரை வரைந்த பலகை வைக்கும் வழக்கத்துக்கு இக்கோயிலையே தொடக்கமாகச் சொல்வார்கள். ஆனால் கோயிலின் தோற்றக் கதையோ கடலில் தொடங்குகிறது. முன்பு சொன்ன தமாயோரி ஹிமே மஞ்சள் படகில் ஒசாகா விரிகுடாவிலிருந்து யோதோ ஆறு, கமோ ஆறு என்று எதிர்நீரில் ஏறி, படகு நின்ற இடத்தில் கோயில் கொண்டாள் என்பது கதை. அந்தப் படகை மூடியதாகச் சொல்லப்படும் கற்குவியல் உட்கோயிலில் படகு வடிவிலேயே இருக்கிறது. பாசி படர்ந்து, சுற்றிலும் நெடிய தேவதாரு மரங்களோடு, பகலிலும் இருட்டாக இருந்தது. கடற்பயணம் போகிறவர்கள் அதிலிருந்து ஒரு சிறு கல்லைக் காப்பாக எடுத்துச் செல்வார்களாம்.

பனைநிழல் எழுதியது:

பிள்ளையை விட்டுப்போன டொயோட்டமா ஹிமேயின் கதை மனத்தைவிட்டு அகலவில்லை. அந்தக் குடிசை இருந்ததாகச் சொல்லும் இடம் எதுவும் இருக்கிறதா?

ஆழித்தேர் எழுதியது:

இருக்கிறது. கியூஷூவின் மியசாகி மாகாணத்தில் நிச்சினான் கடற்கரையில் உடோ என்னும் கோயில். கடலை ஒட்டிய செங்குத்துப் பாறையில் படியிறங்கிப் போனால் ஒரு குகை. மூலக்கோயில் அந்தக் குகைக்குள் இருக்கிறது. உள்ளே பாறைச்சுவரில் இரண்டு புடைப்புகள். அவற்றிலிருந்து நீர் சொட்டுகிறது. திரும்பிப் போகும்போது, விட்டுச்செல்லும் பிள்ளைக்காகத் தாய் தன் மார்பையே பாறையில் பதித்துவிட்டுப் போனாள் என்கிறார்கள். அந்த நீரைக் கலந்து செய்த மிட்டாய் கோயிலில் கிடைக்கும்; பால் சுரக்க வேண்டும் என்று பிள்ளை பெற்றவர்கள் வாங்கிப் போவார்கள். வழியை அடைத்துவிட்டாள் என்று நூல் சொல்கிறது. முழுவதும் அடைக்கவில்லை என்று ஊர் சொல்கிறது. குகைக்கு வெளியே அலைநடுவே ஆமை வடிவப் பாறை. அதன் முதுகிலுள்ள சிறு பள்ளத்தில் விழும்படி சுட்ட களிமண் உருண்டைகளை வீச வேண்டும். ஆண்கள் இடக்கையால், பெண்கள் வலக்கையால். நான் வீசிய ஐந்தும் கடலில் விழுந்தன.

கரைமணல் ஐயா மலைக்குப் போன பிள்ளைகளைப் பற்றி எழுதியதால் இன்னொன்று. ஷிகானோஷிமாவின் அசுமியரைச் சொன்னேன் அல்லவா? அவர்களுள் ஒரு பிரிவினர் நெடுங்காலத்துக்கு முன் கடலைவிட்டு உள்நாட்டுக்குக் குடிபெயர்ந்தார்கள் என்பது மரபு. கடற்கரையே இல்லாத நகானோ மாகாணத்தில் அவர்கள் பெயரால் இன்றும் அசுமினோ என்ற சமவெளி இருக்கிறது. அங்குள்ள ஹொதகா கோயிலில் வத்தட்சுமியின் மகன் தெய்வம். செப்டம்பர் 27 அன்று படகு வடிவில் பெரிய தேர்களைக் கட்டி, கரையும் நீரும் இல்லாத கோயில் முற்றத்தில் ஒன்றோடொன்று மோதவிட்டு இழுக்கிறார்கள். இக்கோயிலின் உட்கோயில் கமிகோச்சிப் பள்ளத்தாக்கில் ஒரு குளக்கரையில் இருக்கிறது. அக்டோபர் 8 அன்று அந்தக் குளத்தில் படகு விடுகிறார்கள். அதற்கும் மேலே, 3,190 மீட்டர் உயரமுள்ள ஒக்கு-ஹொதகா சிகரத்தின் உச்சியில் கற்களை அடுக்கி, ஒரு சிறு மாடம் வைத்திருக்கிறார்கள். அதிலும் இருப்பவர் கடல் தெய்வத்தின் மகன்தான்.